மறுமையைப் பாடிய புலவரும் நாள் குறிப்போரும்

உலக முடிவைச் சொல்லி அச்சுறுத்தும் உரைகள் இன்று ஈரோட்டு இல்லங்களிலும் கைப்பேசி வழியே ஒலிக்கின்றன. கியாமத்துக்கு ஆண்டு குறிப்போரும் உளர். அவற்றைக் கேட்கையில், 1572-இல் வண்ணப்பரிமளப் புலவர் இயற்றிய ‘ஆயிர மசலா’ நம் நினைவுக்கு வருகிறது. முழுமையாகக் கிடைக்கும் இஸ்லாமியத் தமிழ் நூல்களுள் மிகப் பழையது அது.

யூத அறிஞரான அப்துல்லாஹ் இப்னு சலாம் வினவ, நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் விடையளிப்பதாக அமைந்தது அந்நூல். மறுமையும் சுவர்க்க நரகங்களும் அதில் பேசப்படுகின்றன. அச்சம் அங்கும் உண்டு. ஆயினும் அது கேள்விக்கு விடையாக வருவது. கேட்டவர் மிரளவில்லை, தெளிந்து இஸ்லாத்தைத் தழுவினார். நாள் குறிக்கும் உரைகளிலோ கேள்விக்கே இடமில்லை.

அந்த நேரத்தைப் பற்றிய அறிவு இறைவனிடமே உள்ளது என்பது திருமறையின் தீர்ப்பு. இறுதி நாளே வந்துற்றாலும் கையிலுள்ள கன்றை நட்டுவிடப் பணிக்கிறது நபிமொழி. நம் பகுதி உழவர் விதைமஞ்சளை ஊன்றி ஏறத்தாழ ஒன்பது மாதம் காத்திருக்கிறார். மறுமையை நம்பும் உள்ளத்துக்கும் அந்தப் பொறுமை வேண்டும். பிள்ளைகள் கியாமத்தைப் பற்றிக் கேட்டால், புலவர் காட்டிய வழியில் அருகமர்த்தி விடை சொல்வோமாக.