நாடகப் பாடமும் ஆச்சியின் அளவுகோலும்

மலருக்கு நாடக மரபுகளைப் பற்றி எழுதும்படி மன்றத் தலைவர் ஐயா பணித்தார். சங்கரதாஸ் சுவாமிகள் வழி, நவாப் இராஜமாணிக்கம் வழி, யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளை வழி என்று நம் உறுப்பினர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. அவற்றின் தரத்தை எதை வைத்து அளப்பது என்பதே கேள்வி. என் அளவுகோல் ஆச்சி மனோரமா.

1968இல் வந்த 'தில்லானா மோகனாம்பாள்' படத்தை நினைத்துப் பாருங்கள். இயக்கிய ஏ.பி. நாகராஜன் டி.கே.எஸ். சகோதரர்களின் கம்பெனியில் வளர்ந்தவர். சிவாஜி பொன்னுசாமிப் பிள்ளை வழி. நாகேஷ் ரயில்வே வேலையில் இருந்துகொண்டே சபா நாடகம் ஆடியவர். இவர்களுக்கு நடுவே, பள்ளத்தூர் மேடையிலிருந்து எஸ்.எஸ்.ஆர். நாடகக் குழு வழியாக வந்த ஆச்சி, ஜில் ஜில் ரமாமணியாக நிற்கிறார். நாயனத்தைப் பற்றி, சிவாஜி ஏற்ற சண்முகசுந்தரத்திடம் ஒரு சந்தேகம் கேட்பாரே, அப்போது அரங்கமே சிரிக்கும். அவர் முகத்திலோ சந்தேகம் மட்டும்தான் இருக்கும். சிரிப்பை ஆட்டத்துக்குள் விடாத அந்தக் கட்டுப்பாடு மேடைப் பாடம். அதே ஆண்டு 'பொம்மலாட்டம்' படத்தில் சென்னைப் பேச்சில் பாடவும் செய்தார். 1958இல் 'மாலையிட்ட மங்கை'யில் தொடங்கி, ஆயிரம் படங்களைத் தாண்டி, 'புதிய பாதை'க்குத் தேசிய விருது பெற்று, சின்னத்திரைக்கும் வந்து, 2015இல் மறையும் வரை அந்தப் பாடம் அவரைக் கைவிடவில்லை.

எங்கள் நாடக வாத்தியார் கொடுத்ததும் அதே பாடம்தான். சுங்கை சிப்புட் பக்கத்துத் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர் அவர். விடியுமுன் பெரட்டு, இரவில் ஒத்திகை. நாங்கள் கோயில் திடலில் நின்று பேசுவோம். அவர் லயத்தின் கடைசி வீட்டு வாசலில் உட்கார்ந்திருப்பார். கடைசி எழுத்து காதில் விழவில்லையென்றால் கையை உயர்த்துவார். காட்சி முதலிலிருந்து தொடங்கும். அரிச்சந்திரன் மயான காண்டத்தை அப்படித்தான் மாதக்கணக்கில் பாடம் செய்தோம். திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டும் நாளில், ஆச்சி பேசும்போது கண்ணை மூடிக்கொண்டு கேட்கச் சொல்வார்.

இன்று மேடை ஏறும் இளையோரின் ஆர்வத்தை நான் மதிக்கிறேன், யாரையும் சுட்டவில்லை. ஆனால் ஈப்போவில் அண்மைக் காலத்தில் பார்த்தவை நெஞ்சை அறுக்கின்றன. பதிவு செய்த குரலுக்கு வாயசைக்கிறார்கள். கைப்பேசியைப் பார்த்து வசனம் படிக்கிறார்கள். ழகரம் போயே போய்விட்டது. கோமாளி வாயைத் திறந்தால் இரட்டை அர்த்தம். குடும்பத்தோடு உட்கார முடியவில்லை. ஒத்திகைக்கே வராதவருக்குப் பொன்னாடை! கித்தாக்காடு செம்பனை ஆயிற்று, லயங்கள் காலியாயின, அதையெல்லாம் தாங்கிக்கொண்டோம். பாடம் இல்லாத நாடகத்தைத் தாங்க முடியவில்லை. இது நீடித்தால் பேராவில் நாடகம் மட்டுமல்ல, ஒரு வாக்கியத்தைத் திருத்தமாகச் சொல்லும் தமிழ் வாயே மிஞ்சாது.

மன்றப் பெரியவர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்றே: அடுத்த ஆண்டுவிழாவில் பதிவுக் குரலுக்கு இடம் தராதீர்கள். முழுப் பாடத்தையும் ஒப்புவித்தவருக்கே வேடம் கொடுங்கள்.