கோலத்துக்குக் கதை உண்டா?

‘ஒண்ணுமே புரியலை சார்!’ சோதனைக் குறும்படம் எதைக் காட்டினாலும் நம்மவர்களின் முதல் விமர்சனம் இதுதான். பல சமயம் கடைசி விமர்சனமும்!

அந்தக் காலத்தில் மெயின் படத்துக்கு முன்னால் பிலிம்ஸ் டிவிஷன் படம் போட்டே ஆகவேண்டும் என்று தியேட்டர்களுக்கு விதி. ஜனங்களுக்கு அது ‘நியூஸ் ரீல்’. அதாவது, முறுக்கு வாங்கும் நேரம். அணைக்கட்டையும் குடும்பக் கட்டுப்பாட்டையும் படமெடுத்த அதே அரசாங்க ஆபீஸிலிருந்துதான் 1968-ல் பிரமோத் பதியின் ‘எக்ஸ்ப்ளோரர்’ வந்தது. ஏழு நிமிஷம். கதை கிடையாது. ஆடும் இளைஞர்கள், சாமி உருவங்கள், விஞ்ஞானக் கருவிகள் என்று இமைப்பதற்குள் மாறிக்கொண்டே இருக்கும். ஆனால், அந்த வெட்டுகளில் தாளம் இருக்கிறது. பழசுக்கும் புதுசுக்கும் நடுவே தலைசுற்றி நின்ற ஒரு தலைமுறையை வேறெப்படிச் சொல்வது?

ஓவியர் தையப் மேத்தா 1970-ல் எடுத்த படத்தின் பேர் ‘கூடல்’. ஆமாம், மதுரைக்கு வழங்கும் அதே தமிழ்ச் சொல்! பம்பாய் கசாப்புக்கூடத்து மாடுகள் அதில் வருகின்றன. காரணம் சொல்லாமலே வயிற்றைப் பிசைகிறது.

அக்பர் பதம்சியின் ‘சிசிஜி’யில் வெறும் கோடுகள், புள்ளிகள். பதினொரு நிமிஷமும் சத்தமே இல்லை. எனக்கு அது கொஞ்சம் வறட்சி. கணக்கு டேலி ஆகிறது, லாபம்தான் காணோம் என்கிறது என் பி.காம். புத்தி. புரியாததெல்லாம் கலையாகிவிடாது.

அதற்காகக் ‘கதை எங்கே?’ என்று கேட்பது நியாயமில்லை. வாலிகண்டபுரத்துத் தெருவில் விடிகாலையில் போடும் சிக்குக்கோலத்துக்கு என்ன கதை? வாலீசுவரர் சந்நிதியில் நாயனக்காரர் தோடியை விஸ்தாரமாக ஆலாபனை செய்தால், ‘கிளைமாக்ஸ் எப்போ?’ என்றா கேட்கிறோம்? தலையாட்டுகிறோம். காதுக்குக் கொடுத்த சுதந்திரத்தைக் கண்ணுக்குக் கொடுக்க மாட்டேன் என்கிறோம்.

இந்த அலட்சியத்துக்கு விலை உண்டு. பதம்சியின் இன்னொரு படமான ‘ஈவென்ட்ஸ் இன் எ கிளவுட் சேம்பர்’ தொலைந்தே போனது. இருந்தது ஒரே பிரின்ட். 2020-ல் அவரும் போய்விட்டார். பிலிம்ஸ் டிவிஷனை 2022-ல் என்.எஃப்.டி.சி.யோடு இணைத்துவிட்டார்கள்.

நம் பையன்களின் குறும்படங்களில் பலவும் பத்து நிமிஷம், கடைசியில் ஒரு ட்விஸ்ட், அப்புறம் தயாரிப்பாளர் வேட்டை. கோடம்பாக்கத்துக்கு விசிட்டிங் கார்டு. தப்பில்லை, பிழைக்கணுமே! ஆனால், நஷ்டக் கணக்கு எழுதத் துணிந்த நாலு பேராவது வேண்டாமா?

‘எக்ஸ்ப்ளோரர்’ இணையத்தில் கிடைக்கிறது. ஏழே நிமிஷம். முறுக்கு வாங்கப் போகாமல் ஒரு தடவை பாருங்களேன்.