தட்டை மெஷினுக்கு மலிவு பிளேடு வாங்கலாமா?

தை பிறந்து மக்காச்சோளக் கதிரை ஒடித்து முடித்தால் எங்கள் பக்கம் காடு முழுக்கத் தட்டைதான் நிற்கும். பெரம்பலூர் மாவட்டத்துக் கரிசலில் புரட்டாசி மழையை நம்பி விதைக்கிற பயிர் இது. தானியம் வியாபாரிக்கு, தட்டை மாட்டுக்கு. 2018-இல் படைப்புழு புகுந்து குருத்தையும் கதிரையும் தின்று தீர்த்த வருஷம், மிஞ்சிய தட்டையை வைத்துத்தான் பல வீடுகளில் மாட்டை விற்காமல் காப்பாற்றினார்கள். முழுத் தட்டையாகப் போட்டால் மாடு இலையை உருவித் தின்றுவிட்டு அடித்தண்டைக் காலில் மிதித்துத் தள்ளிவிடும். ஒரு அங்குலத் துண்டாக நறுக்கிப் போட்டால் தொட்டியில் கூளம்கூட மிஞ்சாது. அதனால்தான் நாலு மாடு வைத்திருப்பவர்கூட இன்று தட்டை மெஷின் வைத்திருக்கிறார். அரசு மானிய விண்ணப்பத்தில் அதற்குப் பெயர் ‘புல் நறுக்கும் கருவி’.

குன்னம் பக்கத்தில் எங்கள் கொட்டகையில் இருப்பது இரண்டு எச்.பி. மோட்டார் போட்ட மெஷின். சிங்கிள் பேஸ் கரண்டில் ஓடும். சக்கரத்தில் இரண்டு பிளேடு, அவை உரசிச் செல்ல வாயருகில் ஒரு கீழ்ப் பிளேடு. கூட வந்த பிளேடு ஐந்து வருஷம் நன்றாக உழைத்து, சாணை பிடித்துப் பிடித்து விரலகலத்துக்குத் தேய்ந்துவிட்டது. மாற்றுப் பிளேடு வாங்கப் போனபோதுதான் இதற்குள் இவ்வளவு விஷயம் இருப்பது தெரிந்தது. ஒரே அளவு, ஒரே வளைவு. ஆனால் ஒரு கடையில் ஜோடி 280 ரூபாய், அடுத்த கடையில் 720. என்ன வித்தியாசம் என்று கேட்டால் இரண்டு கடைக்காரருமே “இது நல்லா இருக்கும்” என்பதற்கு மேல் சொல்லவில்லை.

இரண்டையும் வாங்கினேன். மூன்றாவதாக, செந்துறைப் பக்கம் ஒரு பட்டறையில் பழைய லாரி ஸ்பிரிங் பட்டையிலிருந்து ஒரு ஜோடி அடித்து வாங்கினேன். கூலியும் இரும்பும் சேர்த்து 500 ரூபாய். சுண்ணாம்புக்கல்லும் சிமெண்டும் ஏற்றுகிற லாரிகள் இரவு பகலாக ஓடுகிற அரியலூர் மாவட்டத்தில் உடைந்த பட்டைக்குப் பஞ்சமில்லை. மூன்று ஜோடியையும் தையிலிருந்து பங்குனி வரை மாற்றி மாற்றி ஓட்டிப் பார்த்தேன். ஒரு நாளைக்கு எட்டுக் கட்டு காய்ந்த தட்டை, நாலு கட்டு கோ-5 கம்பு நேப்பியர் புல்.

முதலில் மூன்று ஜோடியையும் அடுப்படித் தராசில் வைத்தேன். 720 ரூபாய் ஜோடியில் ஒன்று 604 கிராம், மற்றது 602. பட்டறை ஜோடியில் ஒன்பது கிராம் வித்தியாசம் இருந்தது. மறுநாளே பட்டறைக்கு எடுத்துப் போனேன். ஆசாரி ஐயா கனமான பிளேடின் முதுகுப் பக்கம் கொஞ்சம் தேய்த்துச் சமப்படுத்தினார். மலிவு ஜோடியில் ஒன்று 612, மற்றது 571. நாற்பத்தொரு கிராம் வித்தியாசம்.

நாற்பது கிராம் என்ன செய்துவிடும் என்று தோன்றும். என் மெஷின் சக்கரம் நிமிஷத்துக்கு 800 சுற்றுக்குப் பக்கமாக ஓடுகிறது. பிளேடின் கனம் அச்சிலிருந்து 15 சென்டிமீட்டர் தள்ளி உட்கார்ந்திருக்கிறது. கணக்குப் போட்டால் அந்த 41 கிராம், அச்சை ஒரு பக்கமாக நாலரைக் கிலோ எடையின் விசையோடு இழுக்கிறது. அதுவும் நொடிக்குப் பதின்மூன்று முறை திசை மாறி மாறி. பிளேடை மாட்டி ஓட்டியதும் மெஷின் தரையில் நகர ஆரம்பித்தது. மேலே வைத்திருந்த தண்ணீர்ச் சொம்பு தானாக ஓரத்துக்கு வந்து விழுந்தது. இப்படியே ஒரு மாசம் ஓடினால் பேரிங் போகும். பேரிங் மாற்றுகிற செலவில் நல்ல பிளேடு ஒரு ஜோடி வாங்கிவிடலாம்.

அடுத்து ஓட்டை. மலிவு பிளேடில் போல்ட் ஓட்டை வட்டமாக இல்லை, நீள்வட்டமாக வெட்டியிருந்தார்கள். எல்லா மெஷினுக்கும் பொருந்தட்டும் என்பதற்காக இருக்கலாம். ஆனால் நீள ஓட்டையில் பிளேடைப் பிடித்து வைத்திருப்பது போல்டின் இறுக்கம் மட்டும்தான். கொஞ்சம் தளர்ந்தாலும் பிளேடு முன்னே நகர்ந்து கீழ்ப் பிளேடில் மோதும். கூடவே கொடுத்த போல்டின் தலையில் எந்த எண்ணும் இல்லை. 720 ரூபாய் ஜோடியோடு வந்த போல்டில் 8.8 என்று அச்சு இருந்தது. முதல் 8 என்றால் சதுர மில்லிமீட்டருக்கு 800 நியூட்டன் வரை அறுந்து போகாது என்று அர்த்தம். புள்ளிக்குப் பின்னால் இருக்கிற 8, அதில் எண்பது சதவீதம் வரை இழுத்தாலும் நிரந்தரமாக நீளாது என்பதைச் சொல்கிறது. எந்த பிளேடு வாங்கினாலும் போல்ட் மட்டும் 8.8 போட்டதைத் தனியாக வாங்கிக்கொள்ளுங்கள். பழைய போல்டைத் திரும்பப் போடாதீர்கள். ஸ்பிரிங் வாஷரையும் புதிதாகவே போடுங்கள்.

இரும்பைப் பற்றி எனக்குச் சொல்லிக் கொடுத்தவர் அந்த ஆசாரி ஐயாதான். மலிவு பிளேடை அவர் கையில் கொடுத்தேன். திருப்பிப் பார்க்கவே இல்லை. ஒரு அரத்தை எடுத்துக் கூர்ப் பக்கத்தில் ஒரு இழுப்பு இழுத்தார். பொடி உதிர்ந்தது.

“அரம் வழுக்கணும் தம்பி. கடிச்சுதுன்னா அது பிளேடு இல்ல, தகரம்.”

ஒரு சாண் தள்ளி இன்னொரு இடத்தில் இழுத்தார். அங்கே அரம் வழுக்கியது. ஒரே பிளேடில் ஒரு முனை மெத்து, மறுமுனை கண்ணாடி மாதிரிக் கடினம். தோய்ச்சல் சீராக ஏறவில்லை என்றார். பிறகு தான் அடித்துக்கொண்டிருந்ததைக் காட்டினார். பிளேடு முழுவதையும் காய்ச்சவில்லை, கூர்ப் பக்கத்தை மட்டும் உலையில் வைத்தார். செவ்வரளிப் பூ நிறம் வந்து, காந்தம் ஒட்டாத பதம் ஆனதும் பழைய ஆயிலில் முக்கினார். காந்தம் ஒட்டாமல் போவது ஏறக்குறைய 770 டிகிரியில். அதற்குக் கொஞ்சம் மேலே போனால் தோய்ச்சலுக்குத் தயார். முக்கி எடுத்த பிளேடு அப்போது கீழே விழுந்தால் உடையும். அதனால் ஒரு பக்கம் பளபளவென்று தேய்த்து, முதுகுப் பக்கத்திலிருந்து மறுபடி மெதுவாகச் சூடேற்றினார். பளபளப்பின் மேல் வைக்கோல் நிறம் படர்ந்து கூர்ப் பக்கத்தை எட்டியதும் எடுத்துவிட்டார். கூர் கடினம், முதுகு வளைந்து கொடுக்கும். தட்டைக்குள் ஒரு கல் சிக்கினால் கூர் கொஞ்சம் மடங்கலாம், பிளேடு துண்டாகப் பறக்காது. இந்த ஒரு விஷயத்துக்காகவே அவர் கேட்ட கூலியை மனசாரக் கொடுத்தேன்.

மாட்டும்போது செய்யவேண்டிய சோதனை ஒன்று உண்டு. பிளக்கைப் பிடுங்கிவிட்டு, சக்கரத்தைக் கையால் மெதுவாகச் சுற்றி, பிளேடுக்கும் கீழ்ப் பிளேடுக்கும் நடுவில் செய்தித்தாள் துண்டை நீட்டுங்கள். ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை சுத்தமாக அறுபட வேண்டும். எங்காவது மடங்கி உள்ளே போனால் அங்கே இடைவெளி அதிகம், தட்டை அறுபடாமல் நார் நாராகக் கிழியும். உலோகம் உரசுகிற சத்தம் கேட்டால் மிக நெருக்கம். 720 ரூபாய் ஜோடி கால் மணி நேரத்தில் பொருந்திவிட்டது. பட்டறை ஜோடிக்கு வளைவு கொஞ்சம் மாறியிருந்ததால் திருகாணியைத் திருகித் திருகி ஒரு மணி நேரம் ஆயிற்று. மலிவு ஜோடியில் ஒரு பிளேடு லேசாக முறுக்கிக்கொண்டிருந்தது, முழு நீளத்துக்கும் தாள் அறுபடவே இல்லை.

பச்சைப் புல்லில் மூன்றுக்கும் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. முதல் நாள் மலிவு பிளேடும் நேப்பியரை அழகாகவே நறுக்கியது. காய்ந்த தட்டையில்தான் வண்டவாளம் வெளியே வந்தது. காய்ந்த மக்காச்சோளத் தண்டின் மேல்தோலில் மணல் போன்ற சிலிக்கா இருக்கிறது, புல் இனத்துக்கு இயல்பானது அது. அதற்கு மேல் எங்கள் கரிசல் மண். வேரோடு பிடுங்கிய தட்டை என்றால் அடியில் மண் கட்டியாகவே ஒட்டியிருக்கும். பிளேடை மழுங்கடிப்பது தட்டையைவிட இந்த மண்தான். மலிவு ஜோடி நாலாம் நாளே மழுங்கியது. மெஷின் முக்கும், கரண்ட் இறங்குகிற சாயங்கால நேரத்தில் மோட்டார் நின்றே போகும். பட்டறை ஜோடி ஒன்பது நாள் தாங்கியது. 720 ரூபாய் ஜோடி பதினொரு நாள்.

பத்தொன்பதாம் நாள் மலிவு பிளேடின் கடினமான முனையில் சுண்டுவிரல் நகம் அளவுக்கு ஒரு சில்லு தெறித்துப் போனது. எங்கே போனது என்று தெரியவில்லை. தொட்டியில் விழுந்திருந்தால் மாட்டின் வயிற்றுக்குள் போயிருக்கும். நறுக்கியது மொத்தத்தையும் எருக்குழியில் கொட்டிவிட்டு, என் மனைவி காந்தத்தை வைத்துத் தொட்டியைத் துழாவினாள். கடைசியில் சில்லு கொட்டகைத் தூணில் குத்தி நின்றது. தரையிலிருந்து என் மார்பு உயரத்தில். இருபது சென்டிமீட்டர் ஆரத்தில் 800 சுற்று என்றால் பிளேடின் முனை மணிக்கு 60 கிலோமீட்டர் வேகத்தில் போகிறது. அன்றோடு அந்த ஜோடியைக் கழற்றிவிட்டேன்.

சாணை பிடிப்பதில் ஒரு எச்சரிக்கை. வேகமான கல்லில் அழுத்திப் பிடித்தால் கூர் நீலமாக மாறும். அந்த இடத்தில் சூடு 300 டிகிரியைத் தொட்டு, ஏற்றிய தோய்ச்சல் இறங்கிவிட்டது என்று அர்த்தம். பிறகு எத்தனை தடவை தீட்டினாலும் இரண்டு நாளில் மழுங்கும். என் மலிவு ஜோடிக்கு ஒரு இடத்தில் இப்படித்தான் ஆனது, அதில் பிளேடின் குற்றம் பாதி, அவசரப்பட்டு அருகில் நின்ற என் குற்றம் பாதி. பக்கத்தில் வாளியில் தண்ணீர் வைத்துக்கொண்டு, இரண்டு இழுப்புக்கு ஒருமுறை நனைக்கச் சொல்லுங்கள். சாய்வான பக்கம் மட்டும்தான் தீட்ட வேண்டும். தட்டையான பக்கத்தில் பிசிறை எடுத்தால் போதும். இரண்டு பிளேடையும் சமமாகத் தீட்டி மறுபடி தராசில் வைத்துப் பாருங்கள்.

எங்கள் தெருவில் ஒரு அண்ணனுக்கு வலது கையில் இரண்டு விரல் இல்லை. சின்ன வயசில் கையால் சுற்றுகிற சக்கர மெஷினில் போனது. டெல்லி ஐ.ஐ.டி.யில் தினேஷ் மோகனும் அவரோடு வேலை செய்தவர்களும் வட இந்திய கிராமங்களில் இந்த மாதிரிக் காயங்களைத்தான் ஆராய்ந்தார்கள். மெஷின் ஓடாதபோது விளையாட்டாகச் சக்கரத்தைச் சுற்றிய குழந்தைகளும் காயப்பட்டிருந்தார்கள். அதற்கு அவர்கள் சொன்ன வழி எளிமையானது: பிளேடுக்கு மூடி, சக்கரம் தானாகச் சுற்றாமல் பூட்ட ஒரு முளை, கை உள்ளே போகும் முன் தட்டி எச்சரிக்கிற ஓர் உருளை. மின்சார மெஷினுக்கும் இந்த முளை அவசியம். என் மெஷினில் இல்லை. பட்டறையிலேயே சக்கரத்துக்கு ஒரு துளையும் பூட்டுக் கம்பியும் போட்டுக்கொண்டேன், எண்பது ரூபாய். பிளேடு கழற்றும்போது சக்கரம் அசையாமல் நிற்கிறது, விரல் தைரியமாக உள்ளே போகிறது. தட்டை ஊட்டும்போது கழுத்துத் துண்டை இடுப்பில் இறுக்கிக் கட்டுங்கள். பெண்கள் ஊட்டினால் முந்தானையைச் செருகி, வளையலைக் கழற்றி வைப்பது நல்லது. கடைசி ஒரு முழத் தட்டையைக் கையால் தள்ளாமல் அடுத்த கட்டால் தள்ளுங்கள்.

மலிவு ஜோடிக்கு 280, நாலு சாணைக்கு நாற்பது நாற்பதாக 160. ஆக 440 ரூபாய்க்குப் பத்தொன்பது நாள், அதிலும் ஒரு சில்லு. பட்டறை ஜோடி இருபத்தெட்டு நாள் ஓடியதில் மூன்று சாணை, 620 ஆனது, பிளேடில் முக்கால்வாசி இரும்பு இன்னும் இருக்கிறது. 720 ரூபாய் ஜோடியும் அதே இருபத்தெட்டு நாள், இரண்டு சாணையோடு 800. அதுவும் இன்னும் ஒரு வருஷம் தாங்கும் போலிருக்கிறது.

பச்சைப் புல் மட்டும் நறுக்குகிறவர், அரத்தையும் தராசையும் கடைக்கே எடுத்துப் போய்ப் பார்த்து, வட்ட ஓட்டை இருந்தால், மலிவு ஜோடி வாங்கலாம். காய்ந்த மக்காச்சோளத் தட்டை நறுக்குகிறவர் அதை வாங்க வேண்டாம் என்றே சொல்வேன். பக்கத்தில் நம்பிக்கையான பட்டறை இருந்தால் அங்கே போங்கள். பழைய பிளேடை அளவுக்குக் கொண்டு போனால் வளைவு மாறாது, நான் கொண்டு போகாததால்தான் அந்த ஒரு மணி நேரம் போனது. பட்டறை இல்லாத ஊர் என்றால் 720 ரூபாய்தான். தட்டையின் அடியில் ஒரு சாண் விட்டு அறுத்து, கட்டைத் தூணில் நாலு தட்டுத் தட்டி மண்ணை உதிர்த்துவிட்டு ஊட்டினால் எந்த பிளேடுக்கும் ரெண்டு நாள் ஆயுள் கூடும், இதற்குக் காசும் இல்லை.

இப்போது மெஷினில் ஓடுவது பட்டறை ஜோடி. மற்றதை எண்ணெய்த் துணியில் சுற்றிக் குழந்தைகளுக்கு எட்டாமல் கொட்டகைக் கூரையில் செருகி வைத்திருக்கிறேன். சில்லு போன ஜோடியை ஆசாரி ஐயாவிடமே கொடுத்துவிட்டேன். காய்ச்சி அடித்துக் களைக்கொத்து ஆக்கித் தருவதாகச் சொல்லியிருக்கிறார்.