கலைக்களஞ்சியப் பதிவும் நடுநிலையும்: சுன்னாகம் எண்ணெய் மாசினை முன்வைத்து

கலைக்களஞ்சிய முயற்சி யாழ்ப்பாணத்துக்குப் புதியதன்று. ஆ. முத்துத்தம்பிப்பிள்ளையின் 'அபிதானகோசம்' 1902இல் இம்மண்ணிலேயே வெளிவந்தது. புராணப் பெயர்களையும் புலவர் வரலாறுகளையும் தொகுத்தோருக்கு எழாத சிக்கலொன்று, சமகால நிகழ்வைப் பதிவுசெய்வோருக்கு எழுகின்றது. பாதிக்கப்பட்டோரும் பொறுப்புக் கூறவேண்டியோரும் நம்மிடையே வாழ்கையில் நடுநிலை என்பது யாது? சுன்னாகத்தின் நிலத்தடி நீரில் எண்ணெய் கலந்தமை பற்றிய பதிவு எவ்வாறு அமைதல் வேண்டும் என்பதைக் கொண்டு இவ்வினாவை நோக்கலாம்.

முதலில் தலைச்சொல். 'எண்ணெய்க் கசிவு' என்றதும் கப்பலொன்று உடைந்தாற்போன்ற ஒருநாள் விபத்தே மனத்தில் தோன்றும். சுன்னாகத்து நிலை அதுவன்று. 1958 முதல் இயங்கிய மின்சார சபையின் மின்நிலையம், போர்க்காலத்தில் தாக்குண்ட எண்ணெய்த் தாங்கிகள், போரின் இறுதிக்காலத்தையொட்டி மின்னுற்பத்தி தொடங்கிய நொதேண் பவர் என்னும் தனியார் நிறுவனம் என அதன் வரலாறு நீள்வது. எனவே 'நிலத்தடி நீர் மாசு' என்பதே பொருத்தமான பெயராகும். உரத்தாலும் மலக்குழிகளாலும் குடாநாட்டுக் கிணறுகளிற் சேரும் நைத்திரேற்று வேறொரு சிக்கல். அதனை இதனோடு கலத்தலாகாது.

அடுத்து எண்கள். தேசிய நீர்வழங்கல் வடிகாலமைப்புச் சபை 2013-2014இல் ஆராய்ந்த 150 கிணறுகளில் 109இல் எண்ணெய்த்தன்மை மிகுந்திருந்தது. இவை மின்நிலையத்தைச் சூழ்ந்த கிணறுகள் என்பதைக் கூறாதுவிடின், குடாநாடு முழுவதற்குமான விகிதமாக வாசகர் இதனைக் கொள்வர். வடமாகாண சபையின் நிபுணர் குழு இதனின்றும் வேறுபட்ட முடிவினைக் கூறியதும் பதிவில் இடம்பெறல் வேண்டும். ஆயின் ஒவ்வொரு முடிவும் எப்போது, எங்கே, எதனை அளந்து பெறப்பட்டது என்பதையும் உடன் கூறினாலன்றி, முரண்பாட்டை மட்டும் காட்டுவது வாசகரை மயக்குவதாகவே முடியும்.

சிக்கலின் மையம் பொறுப்புப் பற்றியது. உயர் நீதிமன்றம் 2019 ஏப்ரலில் வழங்கிய தீர்ப்பு, நிறுவனத்தின் செயற்பாடு மாசுக்குக் காரணமாயிருந்ததென ஏற்று, மக்களுக்கு நேர்ந்த தீங்கின் ஒரு பகுதிக்காயினும் ஈடாக 2 கோடி ரூபா செலுத்தப் பணித்தது. 'நிறுவனமே முழுக் காரணம்' என்று எழுதுவோர் 'ஒரு பகுதி' என்பதை மறக்கின்றனர். 'காரணம் குறித்துக் கருத்து வேறுபாடு உண்டு' என்று மட்டும் எழுதி அமைவோர் தீர்ப்பையே மறக்கின்றனர். முன்னையது மிகை, பின்னையது நடுநிலையின் தோற்றங்கொண்ட மறைப்பு. இரண்டும் பிழையே. பின்னதே கூடுதலான தீங்குடையது எனலாம். ஏனெனில் அதனை எவரும் பக்கச்சார்பென ஐயுறார். 'எண்ணெய் கலந்தது' என எழுவாயின்றி எழுதப்படும் வாக்கியமும் இவ்வகையினதே.

நடுநிலை என்பது இரு தரப்புக்கும் சம அளவு வரிகளை ஒதுக்குதலன்று. ஒவ்வொரு கூற்றுக்கும் அதற்குரிய சான்றின் அளவே வலுக் கொடுத்தலாகும். வற்றாத ஆறில்லாத இக்குடாநாட்டிற் சுண்ணாம்புக்கற் பாறையில் தேங்கியுள்ள நீரே முதன்மையான குடிநீர். அதன் வெடிப்புக்களூடாக ஓரிடத்து மாசு அயலுக்கும் பரவவல்லது. கிணற்றை இழந்தவனுக்கு எஞ்சுவது நிகழ்ந்ததன் பதிவொன்றே. அதில் மிகையிருப்பின் எதிர்த்தரப்பு அதனை எளிதிற் புறக்கணிக்கும். மறைப்பிருப்பின் அடுத்த தலைமுறைக்கு அவன் இழப்பே தெரியாது போகும்.