வேற்றுருவும் தன்குலமும்
ஸ்கைரிம் ஆட்டத்தில் ஊர்வன மாந்தரின் ஓநாய் மாற்றம்

ஓருயிர் தன் உருவை நீத்து வேற்றுரு எய்துதல் உலக இலக்கியங்கள் பலவற்றிலும் காணப்படும் பழம்பொருளாகும். தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் மருட்கை என்னும் வியப்புச் சுவைக்குப் புதுமை, பெருமை, சிறுமை, ஆக்கம் என நான்கு நிலைக்களங்களைக் கூறும். அவற்றுள் ஆக்கம் என்பது ஒன்று திரிந்து பிறிதொன்றாதல் என உரையாசிரியர் விளக்குவர். அச்சத்தின் நிலைக்களங்கள் நான்கனுள் விலங்கும் ஒன்று. ஆகவே, மாந்தன் விலங்காகும் கதை வியப்பையும் அச்சத்தையும் ஒருங்கே எழுப்பவல்லது. ஆயினும் அத்தகைய கதையின் தகுதி மாற்றத்தின் விந்தையினால் அமைவதன்று. மாறிய பின் எஞ்சுவது யாது என்னும் வினாவுக்கு அக்கதை அளிக்கும் விடையினாலேயே அமைவது.

இவ்வினாவை வைத்து ஆராயத்தக்க புதுக்காலப் படைப்பு ஒன்று உண்டு. அமெரிக்காவின் பெதஸ்டா நிறுவனத்தார் 2011 ஆம் ஆண்டு நவம்பர் 11 ஆம் நாள் வெளியிட்ட ஸ்கைரிம் என்னும் கணினி ஆட்டமே அது. இது பாத்திரமேற்று ஆடும் வகையைச் சார்ந்தது. ஆடுவோன் பத்துக் குலங்களுள் ஒன்றைத் தெரிந்து, அக்குலத்தானாகவே கதையுட் புகுகின்றான். வடபுலத்து நோர்டர், எல்ஃப் மரபினர், பூனை முகத்துக் கஜீத்தர் முதலியோருடன் ஆர்கோனியர் என்னும் ஊர்வன மாந்தரும் அப்பத்தினுள் அடங்குவர்.

ஆர்கோனியன் கருஞ்சதுப்பு எனப் பொருள்படும் நாட்டினன். செதிளுடலும் வாலும் உடையவன். நீரினுள்ளும் மூச்சுவிட வல்லவன். நோய்களை நூற்றுக்கு 50 பங்கு எதிர்க்கும் இயல்பினன். அவன் குலத்துக்குத் தாயும் தெய்வமும் போல அமைந்தவை ஹிஸ்ட் என்னும் மரங்கள். அவற்றின் சாறே அவன் உடலை உருவாக்குகின்றது. இறந்தபின் அவன் உயிர் அவற்றையே சென்றடைந்து மீண்டும் பிறக்கின்றது என்பது அக்குலத்தார் நம்பிக்கை. ஆகவே ஆர்கோனியனுக்கு உடல் என்பது வெறும் போர்வையன்று. அவன் சமயமே அவ்வுடலாக வடிவெடுத்துள்ளது எனலாம்.

இத்தகையோன் வைட்ரன் நகரத்துத் தோழர் படையிற் சேர்கின்றான் எனக் கொள்வோம். அப்படை இஸ்கிராமோர் என்னும் நோர்டர் முன்னோன் தொடங்கியது. அதன் உள்வட்டத்தார் அனைவரும் ஓநாய் மாந்தர். அப்படையின் கதையில் ஒரு கட்டத்துக்கு அப்பாற் செல்ல விழைபவன், நிலவறையில் ஓநாயுருவில் நிற்கும் ஏலா என்னும் வேட்டுவ மகளின் குருதியைப் பருகியே ஆகல் வேண்டும். பருகியவன் ஓநாய் ஆகின்றான். பத்துக் குலத்தாருக்கும் சடங்கு ஒன்றே. பெறும் உருவமும் ஒன்றே. செதிள் மறைகின்றது, மயிர் போர்க்கின்றது. அச்சடங்கிலே அவன் ஆர்கோனியன் என்பதை நோக்கி எவரும் ஒரு சொல்லும் சொல்வதில்லை.

ஈண்டுத்தான் திறனாய்வுக்கு இடம் பிறக்கின்றது. இதே வரிசையில் 2006 ஆம் ஆண்டு வெளிவந்த ஒப்லிவியன் என்னும் ஆட்டத்தில் இதன் மறுதலை காணப்படுகின்றது. அங்கே கூலிப்படையொன்றிற் சேரும் கதைத்தலைவன் ஹிஸ்ட் மரத்தின் சாற்றைப் பருகுகின்றான். பருகியபின், தான் கொல்வன தீய பூதங்கள் என எண்ணி ஊர் மக்களையே கொன்றொழிக்கின்றான். மயக்கம் தெளிந்து அவ்வூருக்கு மீளும்போதே உண்மை அவனுக்கு விளங்குகின்றது. ஆர்கோனியரின் சாற்றைப் பருகியவனுக்குக் கண் திரிகின்றது. கதை அதற்கு விலை கேட்கின்றது. ஆனால் நோர்டர் படையின் குருதியை ஆர்கோனியன் பருகும்போது, அவன் உடலிலுள்ள சாற்றுக்கும் புதுக்குருதிக்கும் நிகழவேண்டிய போராட்டம் நிகழவில்லை. முன்னைய ஆட்டம் உணர்ந்திருந்த ஒன்றைப் பின்னையது மறந்துவிட்டது எனல் மிகையன்று.

பெறும் பேறும் பெரிதன்று. ஓநாய்க் குருதி எல்லா நோய்களையும் முற்றாகத் தடுக்கும். பிற குலத்தானுக்கு இது முழுப்பேறு. பிறப்பிலேயே பாதி பெற்றவனாகிய ஆர்கோனியனுக்கோ இது பாதிப்பேறே. மறுபுறம், ஓநாய்க் குருதி உடையவன் உறக்கத்தால் வரும் நலனை இழக்கின்றான். மாற்றம் 150 நொடிகள் நிலைக்கும். வீழ்ந்தாரின் உடலைத் தின்னுந்தோறும் 30 நொடிகள் கூடும். பிறர் காண மாறினால் அது குற்றமாகி 1000 பொன் தண்டமாக அவன் தலைமேல் ஏறும். இவற்றினும் பெரிய இழப்பு ஒன்றுண்டு. ஓநாயுருவில் நிற்பவன் எவரோடும் உரையாட இயலாது. அவனுக்கு எஞ்சியது ஊளை ஒன்றே.

இவ்விழப்பின் அளவை உணர, தமிழர் நன்கறிந்த இரு கதைகளை ஒப்புநோக்கல் தகும். முதலாவது மகாபாரத வனபருவத்து நகுடன் கதை. இந்திர பதவியிலிருந்து செருக்கினால் வீழ்ந்த நகுடன் அகத்தியர் சாபத்தாற் பெரும்பாம்பாகி, வீமனைப் பற்றிக்கொள்கின்றான். தேடிவந்த தருமனிடம் அப்பாம்பு இரையைக் கேட்கவில்லை, வினாக்களையே தொடுக்கின்றது. அந்தணன் யார் என்பதே அதன் முதல் வினா. பிறப்பன்று, ஒழுக்கமே அதனை உறுதி செய்யும் என்று தருமன் விடையிறுக்கின்றான். உருவத்தை இழந்த நகுடன் அறிவை இழக்கவில்லை, மொழியையும் இழக்கவில்லை. ஊர்வன உடலினின்றே குலத்தைப் பற்றிய ஆழ்ந்த வினா எழுகின்றது என்பது நோக்கற்பாலது.

இரண்டாவது உமறுப்புலவர் இயற்றிய சீறாப்புராணத்து உடும்பு பேசிய படலம். 5027 விருத்தங்களால் ஆகிய அப்பெருங்காப்பியத்திற் புலி வசனித்த படலம், பாந்தள் வசனித்த படலம் என விலங்குகள் வாய்திறக்கும் இடங்கள் பல உள. உடும்பு சாட்சி கூறினாலன்றி ஏற்கேன் என்று வாதிடுபவன் முன்னிலையில், அவன் கொணர்ந்த உடும்பே நபிகள் நாயகத்தின் தூதுத்துவத்துக்குச் சான்று பகர்கின்றது. சான்று பகர்வதற்கு அது மாந்த உருவெடுக்கவில்லை. உடும்பு உடும்பாகவே இருக்கின்றது. குரல் மட்டும் அதற்கு அருளப்படுகின்றது.

இம்மூன்றையும் நிரல்படுத்தி நோக்கின் உண்மை புலனாகும். நகுடன் உருவை இழந்தும் மொழியைக் காத்தான். உடும்பு உருவைக் காத்து மொழியைப் பெற்றது. ஸ்கைரிமின் ஆர்கோனியனோ உருவையும் இழந்தான், மொழியையும் இழந்தான். முதலிரண்டு கதைகளிலும் வேற்றுரு அல்லது விலங்குரு உண்மைக்கு வாயிலாகின்றது. மூன்றாவதில் அது வலிமைக்கு மட்டுமே வாயிலாகின்றது.

இதற்கு மறுப்புக் கூறுவார் உளர். ஓநாயுருவில் குலவேற்றுமை ஒழிகின்றது. ஆதலின் அஃது ஒருவகைச் சமன்மையே என்பர் அவர். இம்மறுப்புப் புறக்கணிக்கத்தக்கதன்று. அதே நாட்டின் விண்டெல்ம் நகரில் ஆர்கோனியருக்கு மதிலினுள் வாழ உரிமை இல்லை. துறைமுகத்தில் மூட்டை சுமந்து அங்கேயே ஒடுங்கி வாழ்கின்றனர். செதிளால் இழிக்கப்பட்டவனுக்கு மயிர்ப்போர்வை விடுதலையாகத் தோன்றுதல் இயல்பே. எனினும் அப்போர்வையைக் கண்டு யாவரும் அஞ்சி ஓடுகின்றனர், அல்லது வாளெடுக்கின்றனர். ஒருவரும் அணுகாத இடத்துக் கிட்டும் சமன்மை சமன்மையாகாது. தன்னுருவோடு மதிலினுள் ஏற்கப்படுதல் வேறு. தன்னுருவை ஒழித்தால் மட்டும் படையினுள் ஏற்கப்படுதல் வேறு. பின்னையது உரிமையன்று, விலை.

இவ்விலையைப் படைப்பாளர் முற்றும் அறியாதார் எனல் பொருந்தாது. தோழர் படையின் முதுவராகிய கோட்லாக் என்பார் வாயிலாக அவர்கள் அதனைப் பேசியுள்ளனர். முன்னோர் சூனியக்காரிகளோடு செய்த உடன்பாட்டினால் வந்த இக்குருதி, இறந்தபின் உயிரை வேட்டைத் தெய்வமாகிய ஹிர்சீனிடம் சேர்க்கும் என்பதை அம்முதியவர் உணர்கின்றார். நோர்டரின் வீரசுவர்க்கமாகிய சோவன்கார்டே அவர் விழைவது. அவர் பகைவராற் கொல்லப்பட்டபின், இஸ்கிராமோரின் கல்லறையில் சூனியக்காரியின் தலை தீயிலிடப்படுகின்றது; அவர் ஆவியினின்று ஓநாய் பிரிந்து எழுகின்றது; அது வெல்லப்பட்டு அவர் விடுதலை எய்துகின்றார். இப்பகுதி ஆட்டத்தின் சிறந்த பகுதிகளுள் ஒன்று என்பதில் ஐயமில்லை. வலிமையை ஈட்டியவன் முதுமையில் தன் குலத்துத் தெய்வத்தை நாடும் அவலம் அதில் நன்கு அமைந்துள்ளது.

ஆனால் அந்த அவலம் நோர்டனுக்கே உரியதாக நின்றுவிட்டது. ஆர்கோனியனாக ஆடுவோனும் அதே கல்லறையில், அதே தீயில், தன் ஓநாயை எரித்து விடுதலை பெறலாம். பெற்றபின் அவன் உயிர் செல்லுமிடம் யாது? வேட்டைக்களமா, சோவன்கார்டா, ஹிஸ்ட் மரமா? ஓருயிர்மேல் மூன்று உரிமைகள் மோதும் இவ்விடம் பெருங்காப்பியத்துக்குரிய களமாகும். கதை அவ்வாயிலைத் திறக்காமலே கடந்து செல்கின்றது. இவ்வாட்டங்களின் பழங்கதைகளில் கருஞ்சதுப்புக்குரிய முதலை மாந்தரைப் பற்றிய குறிப்பும் உண்டு. அவ்வழியையேனும் கைக்கொண்டிருப்பின் மாற்றம் குலத்தினின்று முளைத்ததாயிருக்கும். எல்லாரையும் ஒரே அச்சில் வார்த்தமையால் பத்துக் குலங்களும் பத்து ஆடைகளாகச் சுருங்கின.

குலம் என்பது ஆடையன்று என்பதை அம்பாறைக் கரையோரத்தார்க்கு எடுத்துரைக்க வேண்டுவதில்லை. மருதமுனை, கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அக்கரைப்பற்று என நீளும் அக்கரையில், முஸ்லிம் மக்களும் தமிழ் மக்களும் சமயத்தால் வேறுபட்டும் தாய்வழிக் குடிமுறையால் ஒன்றுபட்டவர்கள். அங்கே குடி தாயினின்றே வருவது. மணவுறவிலும் கோயில், பள்ளிவாசல் உரிமைகளிலும் அது பொருள் பெற்று வந்துள்ளது. 2002 ஆம் ஆண்டு வெளிவந்த மொறோவின்ட் என்னும் ஆட்டத்தினுள் இடம்பெறும் நூலொன்றும், பிள்ளை பெரும்பாலும் தாயின் குலத்தையே கொள்ளும் என்று கூறுகின்றது. கடல் கடந்த கற்பனையும் கல்முனைக் குடிமுறையும் இவ்வாறு ஒரு புள்ளியிற் சந்திப்பது வியத்தற்குரியது.

பாத்திரமேற்று ஆடுதலும் அக்கரைக்குப் புதிதன்று. கல்முனையை அடுத்த பாண்டிருப்புத் திரௌபதை அம்மன் கோயிலில் 18 நாள் விழாவிலே பாரதக் கதை நிகழ்த்தப்பெறுகின்றது. அடியார் பாண்டவராகக் கோலங்கொண்டு வனவாசம் செல்வர், தீயும் மிதிப்பர். அக்கோலம் நோன்பினால் ஏற்கப்படுவது. விழா முடிய நீக்கப்படுவது. கோலம் கொண்டவன் தன் ஊரானாகவே மீள்கின்றான். ஆயினும் பழைய ஊரானாக மட்டும் மீள்வதில்லை. வேற்றுரு ஏற்றல் இங்ஙனம் ஏற்றவனை வளப்படுத்தவேண்டும் என்பதே நம்மவர் மரபு காட்டும் அளவுகோல்.

அவ்வளவுகோலைப் பிறநாட்டுப் படைப்புக்கு இட்டு நோக்குதலும் அக்கரை தந்த வழியே. காரைதீவிலே 1892 இற் பிறந்த விபுலாநந்த அடிகள், 1926 இல் வெளிவந்த மதங்க சூளாமணியிற் ஷேக்ஸ்பியரெனும் பெயரொலி தோன்றச் செகசிற்பியார் எனத் தாம் அழைத்த ஆங்கில நாடகப் புலவரின் நாடகங்களைத் தமிழ் நாடக இலக்கணத்தின் ஒளியில் ஆராய்ந்தார். அயலது என்று ஒதுக்கவுமில்லை. புதியது என்று மயங்கவுமில்லை. கணினி ஆட்டங்களும் அவ்வாறு ஆராயப்படுதற்கு உரியனவே. இன்றைய இளைஞர் பலர் கதையை முதன்முதல் எதிர்கொள்ளும் களம் அதுவாயிருத்தலின், அதனைச் சிறுபிள்ளை விளையாட்டென விடுத்தல் திறனாய்வின் கடமை தவறுதலாகும்.

முடிவாகக் கூறுமிடத்து, ஸ்கைரிம் உருமாற்றத்தின் விந்தையைத் திறம்படக் காட்டுகின்றது. அதன் துயரையும் ஒரு குலத்துக்கேனும் காட்டுகின்றது. ஊர்வன மாந்தன் ஓநாயாகும்போது அவன் எதனை விட்டுச் செல்கின்றான் என்பதை மட்டும் அது வினவவில்லை. அவ்வினாவை ஆடுவோனே தன் உள்ளத்தில் எழுப்பிக்கொள்ளல் வேண்டும். நகுடனாகிய பாம்பு தருமனிடம் வினவியதும் அதுவே. வினவத் தெரிந்தவரை, எவ்வுருவிலும் ஓருயிர் தன் குலத்தை முற்றும் இழந்ததாகாது.