சொல் பெயர்ந்தும் பொருள் பெயராமை: ‘டார்மாக்’ காட்டும் மொழிபெயர்ப்புக் கருவி

முன்னுரை

விண்மீன்களுக்கிடையே பயணம் செய்வோர் அயலுலகத்தாரைச் சந்திப்பதாகப் புனையும் கதைகளில் முதலில் எழும் இடர் மொழியே ஆகும். அவ்விடரைக் கதைப்போக்கிலிருந்து அகற்றப் படைப்பாளர்கள் கண்ட உத்தி, எம்மொழியையும் உடனுக்குடன் பெயர்த்துத் தரும் பொது மொழிபெயர்ப்புக் கருவி. ஸ்டார் டிரெக் தொலைக்காட்சித் தொடர்களில் இக்கருவி பெரும்பாலும் கண்ணுக்குப் புலப்படாமலே இயங்குகிறது. எவ்வுலகத்தவர் பேசினும் பார்வையாளர் செவியில் ஆங்கிலமே விழுகிறது. ‘ஸ்டார் டிரெக்: அடுத்த தலைமுறை’ தொடரில் 1991ஆம் ஆண்டு ஒளிபரப்பான ‘டார்மாக்’ என்னும் பகுதியில் கருவி பழுதின்றி இயங்கியும் பொருள் விளங்காது போகிறது. மொழிபெயர்ப்பின் இயல்பு குறித்து அத்தோல்வி உணர்த்துவன யாவை என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

கருவியின் கொள்கை அடிப்படை

மர்ரே லைன்ஸ்டர் 1945இல் வெளியிட்ட ‘முதல் சந்திப்பு’ என்னும் கதையில் இத்தகைய கருவியின் தொடக்க வடிவத்தைக் காணலாம். நான்கு ஆண்டுகளுக்குப் பின்னர் வாரன் வீவர் எழுதிய குறிப்புரை, பிறமொழிப் பனுவலை மறைகுறிகளால் எழுதப்பட்ட ஆங்கிலமாகக் கருதலாம் என்னும் எண்ணத்தை முன்வைத்து இயந்திர மொழிபெயர்ப்பு ஆய்வுக்கு வித்திட்டது. 1966 நவம்பரில் வெளிவந்த அமெரிக்க அல்பாக் குழுவின் அறிக்கை அவ்வாய்வின் பயன் குறித்து ஐயம் தெரிவித்தது. ஸ்டார் டிரெக் தொடங்கியது அதே ஆண்டு செப்டம்பரில் என்பது நோக்கத்தக்கது. ஆய்வகத்தில் தளர்ந்த கனவு புனைவில் குறைவின்றி நிறைவேறிற்று.

1967இல் வந்த ‘மெட்டமார்ஃபசிஸ்’ என்னும் பகுதியில் கப்பல் தலைவர் கிர்க் கருவியின் இயக்கத்தை விளக்குகிறார். அறிவுடைய உயிர்கள் அனைத்திற்கும் பொதுவான கருத்துகள் சில உண்டு என்பதும், கருவி மூளையலைகளை ஒப்பிட்டு அக்கருத்துகளை இனங்கண்டு அவற்றிற்கு இலக்கண வடிவம் தருகிறது என்பதும் அவ்விளக்கத்தின் சாரம். கருத்து முன்னது, மொழி அதன்மேல் போர்த்திய ஆடை என்னும் கொள்கை இதில் அடங்கியுள்ளது. இதற்கு மறுதலையான கருத்தை மெய்யியலாளர் குவைன் 1960இல் முன்வைத்திருந்தார். அறியாத மொழியினர் ஒருவர் முயலைக் கண்டு ஒரு சொல்லைக் கூறினால் அச்சொல் முயலைக் குறித்ததா, முயலின் உறுப்பைக் குறித்ததா என்பதை அவர் நடத்தையைக் கொண்டு மட்டும் துணிய இயலாது என்பது அவர் வாதம்.

‘டார்மாக்’: கருவி தோற்கும் இடம்

தமேரியர் என்னும் இனத்தார் தம் தொன்மக் கதைகளின் ஆட்பெயர், இடப்பெயர், நிகழ்ச்சி ஆகியவற்றைச் சுட்டியே பேசுகின்றனர். ஒரு கதைமாந்தர் கைகளை விரித்து நின்ற நிலையைக் கூறினால் அது கொடையைக் குறிக்கும். மதில் வீழ்ந்தபோது மற்றொருவர் இருந்த நிலையைக் கூறினால் அது தோல்வியைக் குறிக்கும். கருவி ‘கை’, ‘மதில்’ போன்ற சொற்களைப் பிழையின்றிப் பெயர்க்கிறது. பெயர்களை அவ்வாறே விட்டுவிடுகிறது. கதை அறியாத பிக்கார்டுக்கு எதுவும் விளங்கவில்லை.

தமேரியத் தலைவர் டேதான், பிக்கார்டைத் தம்முடன் ஒரு கோளில் இறக்கிக் கையில் கத்தியைத் தருகிறார். பிக்கார்ட் அதனைப் போருக்கான அழைப்பென மயங்குகிறார். அந்நியர் இருவர் பொதுப்பகையை எதிர்த்துத் தோழராகும் பழங்கதையை மீண்டும் நிகழ்த்திக் காட்டுவதே டேதானின் நோக்கம். விலங்கு தாக்கும் வேளையில் பிக்கார்டின் கப்பலினர் அவரை மட்டும் மீட்க முயல்கின்றனர். அதனால் பிக்கார்ட் செயலற்று நிற்க, டேதான் தனித்து நின்று உயிர்போகும் காயம் அடைகிறார். சொல்லைப் புரியவைக்கத் தவறிய தொழில்நுட்பமே, புரிதலுக்காக வகுத்த கூட்டுச்செயலையும் குலைக்கிறது. இப்பகுதியின் ஆழ்ந்த முரண் இதுவே எனலாம்.

இறக்கும் தறுவாயில் டேதான் கதை கேட்க விழைகிறார். பிக்கார்ட் தோழனை இழந்த கில்கமெஷின் கதையைச் சொல்கிறார். இவண் மொழிபெயர்ப்பு இருவழிப் போக்காகிறது. அதுவரை பொருளைப் பெற மட்டும் முயன்றவர், இப்போது தம் உலகின் கதை ஒன்றைக் கொடுக்கிறார். இறுதியில் அவ்விருவர் பெயரும் தமேரிய மொழியில் புதிய தொடராக இடம்பெறுகின்றன.

உள்ளுறையோடு ஒப்பீடு

தமேரியர் பேச்சு, தமிழ் மரபின் உள்ளுறை உவமத்தை நினைவூட்டும். தெய்வம் நீங்கலான கருப்பொருள்களைத் தொல்காப்பியம் உள்ளுறைக்கு நிலைக்களனாக வகுக்கிறது. மருதப் பாடலில் தாமரையை மிதிக்கும் எருமை தலைவனின் ஒழுக்கத்தைச் சுட்டுவதை, திணைமரபு அறியாதவர் அகராதியின் துணையால் உணர இயலாது. எனினும் உள்ளுறையில் வெளிப்படைப் பொருள் தன்னளவில் முற்றுப்பெற்று நிற்கும். தமேரியர் கூற்றில் கதையை நீக்கினால் எஞ்சுவது பெயர்களே. எனவே இரண்டையும் ஒன்றெனக் கொள்ளுதல் பொருந்தாது. கேட்போரிடம் எதிர்பார்க்கும் முன்னறிவில்தான் இவை ஒன்றுபடுகின்றன. ‘மெட்டமார்ஃபசிஸ்’ ஒளிபரப்பான அதே 1967இல், ஏ. கே. ராமானுஜன் குறுந்தொகைப் பாடல்கள் பலவற்றை ஆங்கிலத்தில் பெயர்த்து வெளியிட்டார். திணையுலகை விளக்கும் பின்னுரை ஒன்றையும் அந்நூலில் சேர்த்தார். புனைவுக் கருவி தரவியலாத ஒன்றை மொழிபெயர்ப்பாளர் அறிந்தே தந்தார் என்பது கருதத்தக்கது.

படைப்பின் குறைகள்

கதைகளைச் சுட்டியே பேசும் இனம் அக்கதைகளைக் குழந்தைகளுக்கு எம்மொழியில் கற்பிக்கும் என்னும் வினாவிற்கு இப்பகுதியில் விடையில்லை. மேலும், கப்பலில் இருக்கும் டேட்டாவும் டிராயும் பெயர்களைத் தரவுத்தொகுப்பில் தேடி அம்மொழியின் அமைப்பைக் கண்டறிகின்றனர். எனவே எல்லாக் கதைகளும் தொகுக்கப்பட்டால் கருவி மீண்டும் வென்றுவிடும் என்னும் எண்ணத்திற்கும் இடமுண்டாகிறது. 2021இல் ‘லோயர் டெக்ஸ்’ தொடரில் தமேரியர் ஒருவர் கப்பற்பணியில் சேர்ந்து ஏறத்தாழ இயல்பாக உரையாடுவது இவ்வெண்ணத்தின் நீட்சியே. அவர் பேச்சில் இடையிடையே எட்டிப்பார்க்கும் பழந்தொடர்கள் நகைச்சுவையாகச் சுருங்கிவிடுகின்றன.

முடிவுரை

கருவி தடையின்றி இயங்கும் கதைகளில் மொழி என்னும் சிக்கலே மறைகிறது. அது தோற்கும் கதையில், புரிதல் என்பது இருவர் கூடி ஈட்ட வேண்டிய ஒன்று எனத் தெளிவாகிறது. இன்று இயந்திர மொழிபெயர்ப்பு கைபேசியிலேயே கிடைக்கும் நிலையில், மொழிபெயர்ப்பாளர் தேவையில்லை என்னும் கருத்து எளிதில் ஏற்கப்படுகிறது. சொற்களை எல்லாம் பெற்றுவிட்ட பிறகும் பிக்கார்டுக்கு ஒரு தொடர் விளங்க ஓர் இரவும் ஓர் உயிரும் தேவைப்பட்டன. அக்கருத்தை ஏற்குமுன் எண்ணிப் பார்க்க வேண்டியது அவ்விலையையே.