சாட்சியின் மௌனம்: இஷர்வுட்டின் பெர்லின் புனைவு

கிறிஸ்டோபர் இஷர்வுட்டின் 'குட்பை டு பெர்லின்' (1939), நாஜிகள் ஆட்சியைக் கைப்பற்றும் காலத்துப் பெர்லினின் இரவு வாழ்வைச் சித்திரிக்கும் படைப்பாகப் போற்றப்படுகிறது. அதன் கதைசொல்லி தொடக்கத்திலேயே தம்மை ஒளிப்படக் கருவியோடு ஒப்பிடுகிறார். இதனைச் சார்பற்ற நோக்கிற்குச் சான்றாகக் கொள்வது மறுஆய்வுக்குரியது.

கதைசொல்லியின் தற்பால் ஈர்ப்பைத் தாம் மறைத்ததை இஷர்வுட்டே 1976இல் வெளியிட்ட தன்வரலாற்றில் ஒப்புக்கொள்கிறார். அவர் பிறந்த இங்கிலாந்தில் ஆண்களிடையேயான உறவு 1967 வரை குற்றமாகும். பீட்டர், ஓட்டோ ஆகியோரின் உறவை விவரிக்கும்போதும் 'சலோமி' விடுதியை எள்ளும்போதும் கதைசொல்லி வெளியே நிற்கும் பார்வையாளரே. சங்க அகப்பாடலில் பொருளைக் குறிப்பாக மறைத்துரைக்கும் இறைச்சி நயமாகும். இங்கோ மறைத்தல் தற்காப்பாகும்.

இம்மௌனத்திற்கு விலையுண்டு. 1933 பிப்ரவரியில் தற்பால் ஈர்ப்பாளர் கூடும் விடுதிகளை மூட ஆணை பிறந்தது. மே 6இல் மாக்னஸ் ஹிர்ஷ்ஃபெல்டின் பாலியல் ஆய்வுக்கழகம் சூறையாடப்பட்டது. மே 10இல் அதன் நூல்கள் எரிக்கப்பட்டன. 1935இல் தண்டனைச் சட்டத்தின் 175ஆம் பிரிவு கடுமையாக்கப்பட்டது. ஆயிரக்கணக்கானோர் வதைமுகாம்களுக்கு அனுப்பப்பட்டனர். ஆவணங்கள் சாம்பலான நிலையில் புனைவே சாட்சியாகிறது. அச்சாட்சியோ பாதி வாய்மூடியிருக்கிறது.

இஷர்வுட்டைக் குறைகூறுவது நம் நோக்கமன்று. அச்சமே அம்மொழியை உருவாக்கியது. ஆயினும் இந்நூலைக் கற்பிப்போர் 1976ஆம் ஆண்டு நூலையும் உடன்வைத்துக் கற்பித்தல் வேண்டும். சொன்னதோடு சொல்லாது விடுத்ததையும் வாசிப்பதே திறனாய்வின் கடமை எனலாம்.